மாமியின் பெயர்க்காரி

பதுளை,
12.7.1953

அன்புள்ள மச்சாளுக்கு,

உங்கள் கடிதம் வந்து மூன்று கிழமையாகிறது. பதில் பிந்தியதற்குக் கமலாவின் இருமலைத்தான் குற்றம் சொல்ல வேண்டும். டாக்டர் ஒன்றுமில்லை என்கிறார். ஒன்றுமில்லாத இருமல் ஏன் தூங்கி எழும்பும்போது மட்டும் வருகிறது என்று கேட்டால் சிரிக்கிறார். மாமியின் முழங்கால் நோ எப்படி? உங்கள் தம்பி வழக்கம்போலக் கச்சேரியில் கிளாக்கர் வேலைக்குப் போய் வருகிறார். இந்த மலைக் குளிர் அவரை மட்டும் ஒன்றும் செய்வதில்லை.

பிள்ளை மத்தியானம் படுத்திருக்கிற நேரத்தில் இதை எழுதுகிறேன். இராக்கம்மா அவளை மடியில் போட்டுத் தட்டுகிறாள். நான் தட்டினால் கண்ணை முழித்து, 'நீ ஏன் வந்தாய்' என்பதுபோலப் பார்க்கிறாள். மூன்று வயதுப் பிள்ளையின் பார்வைக்கு நான் பயப்படுகிறேன் என்றால் நம்புவீர்களா?

இராக்கம்மாவின் காரியமாகத்தான் எழுதுகிறேன். தோட்டத்து ஆட்கள் இந்த நாட்டில் விடாமல் இருந்தவர்கள் என்று காட்டினால்தான் பிரஜாவுரிமை என்று சட்டம் வந்ததல்லவா, அதன்படி அவளும் ஐம்பத்தோராம் ஆண்டு மனுப் போட்டிருந்தாள். இப்போது விசாரணைக்குக் கடுதாசி வந்திருக்கிறது. நாற்பத்தெட்டு வரைக்கும் நமுனுகுலப் பக்கத்துத் தோட்டத்தில் கொழுந்து எடுத்தவள். அந்தக் காலத்துக்குத் தோட்டத்துப் பேரேடு சாட்சி. அதற்குப் பிறகு எங்கள் வீடு. அதற்கு நாங்கள்தான் சாட்சி. இடையில் ஐம்பதாம் ஆண்டு, எனக்கு அம்மா இல்லாதபடியால் பிள்ளைப்பேற்றுக்கு உங்களிடம் வந்து ஏழு மாதம் நின்றேனே, அவளும் கூட நின்றாள். அந்த ஏழு மாதமும் இந்தியாவில் இருந்தாள் என்று எழுதிவிடுவார்களோ என்று பயமாயிருக்கிறது.

இதிலே ஒரு சங்கடம் உண்டு. நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். வேலைக்கு வந்த அன்று குசினி வாசலில் நின்றவளிடம் பேர் கேட்டேன். சொன்னாள். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. மாமியின் பேர்! அவள் பிறந்தபோது தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்தையாவாக இருந்தவர் யாழ்ப்பாணத்தவராம். அவருடைய மனைவி ஆசையாய் வைத்த பேராம். "லயத்துல வேற யாருக்கும் இந்தப் பேரு இல்லீங்கம்மா" என்று பெருமை வேறு. புருஷனைப் பெற்றவளின் பேரை வாயால் சொல்லக் கூடாது என்று வளர்ந்தவள் நான். அந்தப் பேரைச் சொல்லி, சட்டியைக் கழுவு என்று எப்படிச் சொல்வேன்? அவள்தான் வழி சொன்னாள். "எங்காத்தா பேரு இராக்கம்மா. அதையே வெச்சுக் கூப்புடுங்க. ஆத்தா இந்தியாவுக்குப் போயிருச்சு, கோவிச்சுக்காது."

அன்று முதல் அவள் இராக்கம்மா. அங்கே வந்தபோதும் மாமிக்கு அப்படியே சொல்லிவிட்டோம். அரிசிக் கூப்பன் எடுக்கும்போது உங்கள் தம்பி படிவத்தில் வேலைக்காரி என்று எழுதினார். அதற்கு நேரே தன் தாயின் பேரை எழுத அவருக்குக் கை வரவில்லை. இராக்கம்மா என்று எழுதிவிட்டார். மனுவில் இருப்பதோ அவளுடைய சொந்தப் பேர்.

ஆகையால் எங்கள் இராக்கம்மாவும் மனுக்காரியும் ஒருத்திதான், அவள் ஐம்பதில் ஏழு மாதம் அளவெட்டியில் நின்றாள் என்று மாமி கைப்பட எழுதித் தரவேண்டும். இதை மாமியிடம் பக்குவமாய்ச் சொல்ல உங்களால்தான் முடியும்.

கமலா எழும்பிவிட்டாள். இருமல் தொடங்குமுன் நிறுத்துகிறேன்.

உங்கள் அன்பான,
சந்திரகாந்தி


அளவெட்டி,
2.8.1953

அன்புள்ள சந்திராவுக்கு,

உமது கடிதம் கிடைத்தது. பிள்ளைக்குக் கற்பூரவள்ளி இலையை வாட்டிச் சாறு பிழிந்து தேன் விட்டுக் கொடும். டாக்டர் சிரித்தால் சிரிக்கட்டும்.

அம்மா எழும்பி நடமாடுகிறா. கோவில் படி ஏற மட்டும் என் தோளைப் பிடிக்கிறா. அந்தப் பிடியில் எனக்குத்தான் நோகிறது. பள்ளிக்கூடத்தில் இம்முறை எனக்கு ஐந்தாம் வகுப்பு. ஐம்பத்திரண்டு பிள்ளைகள், முப்பது கதிரை. மிச்சத்தை நீர் கணக்குப் பார்த்துக்கொள்ளும்.

இராக்கம்மாவின் விஷயம் வாசித்தேன். அம்மாவிடம் நேரம் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். போன மாதம் அடுத்த வளவு யோகம்மா தன்னுடைய கன்றுக்குட்டிக்கு அம்மாவின் பேரை வைத்துவிட்டாள் என்று மூன்று நாள் வேலிப்பக்கம் போகாமல் இருந்தா. "கன்றை அந்தப் பேர் சொல்லி அதட்டுகிறாள், எனக்குக் கேட்கத்தான்" என்று சண்டை. இந்த நிலையில், உங்கள் பேருடைய ஒருத்தி உங்கள் குசினியில் ஏழு மாதம் சாம்பல் அள்ளினாள் என்று நான் போய்ச் சொல்ல வேண்டுமோ?

ஆறுதலாய்ச் சொல்லுகிறேன். தம்பியைக் குளிருக்குக் கழுத்தைச் சுற்றிக் கட்டச் சொல்லும். பிள்ளைக்கு முத்தம்.

இப்படிக்கு,
புஷ்பம்


பதுளை,
23.8.1953

அன்புள்ள மச்சாளுக்கு,

கற்பூரவள்ளியைக் கமலா என் சீலையில் துப்பினாள். இராக்கம்மா கொடுத்தபோது குடித்துவிட்டாள். இருமல் பாதியாய்க் குறைந்திருக்கிறது. மாமிக்கும் நோ அப்படிக் குறைந்திருக்கும் என்று நம்புகிறேன்.

விசாரணை அக்டோபர் பதினான்காம் திகதி. போன சனிக்கிழமை பிள்ளையையும் தூக்கிக்கொண்டு இராக்கம்மாவுடன் பஸ்ஸில் நமுனுகுலப் பக்கம் போனேன். உங்கள் தம்பிக்கு விருப்பமில்லை. "ஆயாவுக்காக அலைகிற முதல் கச்சேரிக் கிளாக்கர் பெண்சாதி நீதான்" என்றார். தோட்டத்துக் கந்தோரில் பெரிய கிளாக்கர் கனகசபை எங்கள் ஊர்ப் பக்கத்து மனிதர். பழைய பேரேட்டைத் தூசி தட்டி எடுத்தார். அவளுடைய பேர் வருஷம் தவறாமல் இருக்கிறது. விரலை வைத்துக் காட்டினார். நான் வாசிக்காமல் தலையை மட்டும் ஆட்டினேன். அடுத்த வரியில் அவளுடைய தாய் இராக்கம்மா. பக்கத்தில் சிவப்பு மையில் 'இந்தியா, 1948'. எங்கள் கூப்பனில் இருப்பதும் இந்தப் பேர்தானே? கனகசபையும் அதைத்தான் சொன்னார். "தங்கச்சி, உங்கடை கூப்பனைப் பார்த்தால், இந்தியா போனவள் பதுளையில் அரிசி வாங்குகிறாள் என்று நினைப்பார்கள். யாராவது பெரிய மனிதர் தாய் வேறு, மகள் வேறு என்று எழுதிக் கொடுக்க வேணும்."

திரும்பும் வழியில் அவளுடைய அண்ணன் வடிவேலின் லயத்துக் காம்பராவில், அந்த ஒற்றை அறையில், தேத்தண்ணி குடித்தோம். அவனுடைய மனு முன்னமே தள்ளுபடியாகிவிட்டது. பெண்சாதி பிள்ளைகளோடு திருச்சிப் பக்கம் போகப் போகிறான். "தங்கச்சிக்குக் கெடைச்சா இங்கேயே இருக்கட்டுங்கம்மா. கெடைக்கலேன்னா எங்கூட வந்துரணும். புருசனில்லாத பொம்பளைய ஒத்தையில விட்டுப்புட்டுப் போனா எங்காத்தா என்னைய உசுரோட விடாது" என்றான். இராக்கம்மா கமலாவின் வாயைத் துடைத்துக்கொண்டே, "பாப்பாவ விட்டுட்டு அங்க போயி நான் என்ன பண்றதாம்? அங்க என்னை யாருக்குத் தெரியும்?" என்றாள். அவள் போனதே இல்லை, மச்சாள். கடலைக்கூட யாழ்ப்பாணத்தில் எங்களோடு வந்தபோதுதான் முதல்முறை பார்த்தாள்.

மாமியிடம் சொல்லிவிட்டீர்களா? சுணங்க வேண்டாம்.

அன்பான,
சந்திரகாந்தி


அளவெட்டி,
24.9.1953

அன்புள்ள சந்திராவுக்கு,

பதில் பிந்திவிட்டது. தவணைச் சோதனை, அதோடு அம்மாவுக்கு நாலு நாள் காய்ச்சல். இப்போது கஞ்சி குடிக்கிறா. கஞ்சியில் உப்பில்லை என்று ஏசுகிறா. ஏசத் தொடங்கினால் சுகம் என்று அர்த்தம்.

இந்த உடம்போடு இருக்கிறவவிடம் அந்தக் கதையை எடுக்க எனக்கு மனம் வரவில்லை. ஆகையால் நானே எழுதியிருக்கிறேன். ஆசிரியை என்றால் மதிப்பார்கள். 'இராக்கம்மா என்னும் வேலைக்காரி 1950ல் ஏழு மாதம் எங்கள் வீட்டில் இருந்தாள்' என்று எழுதி ஒப்பமிட்டு இத்துடன் வைத்திருக்கிறேன். இதில் பொய் ஒரு சொல்லும் இல்லையே.

கமலாவுக்குப் பாற்பல் எல்லாம் வந்துவிட்டதா? படம் ஒன்று பிடித்து அனுப்பும்.

இப்படிக்கு,
புஷ்பம்


பதுளை,
30.9.1953

அன்புள்ள மச்சாளுக்கு,

இங்கே சுகம். மாமிக்குக் காய்ச்சல் விட்டது கேட்டு நிம்மதி.

உங்கள் கடிதத்தைத் திருப்பி அனுப்புகிறேன். கோபிக்க வேண்டாம். இராக்கம்மா என்று எழுதினால் அது அவளுடைய தாய்க்குத்தான் பொருந்தும். அவளுடைய சொந்தப் பேரைப் போட்டு எழுதுங்கள். உங்களைப் பெற்றவவின் பேர்தானே, மகள் எழுதலாம். அல்லது மாமியே எழுதட்டும். இன்னும் இரண்டு கிழமைதான் இருக்கிறது. தபால் மூன்று நாள் எடுக்கும்.

உங்கள் தம்பி விசாரணைக்கு வரமாட்டார். கூப்பன் படிவத்தில் பேரை மாற்றி எழுதியது தெரிந்தால் தன் உத்தியோகத்துக்கு ஆபத்து என்கிறார். "நீ போய் நல்ல மாதிரிச் சொல்லு. படித்தவள்தானே" என்கிறார். காலேஜில் மேடையேறிப் பேசினவள்தான். ஆனால் அங்கே பேச்சை முதல் நாளே மனப்பாடம் செய்துகொள்ளலாம்.

இராக்கம்மா தன் கல்யாணச் சீலையைத் தோய்த்துக் காயப் போட்டிருக்கிறாள். கமலா அதற்குக் கீழே போய் ஒளிந்து விளையாடுகிறாள். "பாப்பா, அழுக்காக்கிப்புட்டா தொர என்னைய இந்தியாவுக்கே அனுப்பிருவாரு" என்று அவள் சொல்ல, பிள்ளை இன்னும் சத்தமாய்ச் சிரிக்கிறாள்.

கெதியாய் எழுதுங்கள்.

சந்திரகாந்தி


பதுளை,
22.10.1953

அன்புள்ள மச்சாளுக்கு,

சுகமாய் இருக்கிறோம். உங்களிடமிருந்து ஒன்றும் வரவில்லை. மழையில் தபால் எங்கேயோ தடைப்பட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

விசாரணை முடிந்தது. பத்து மணிக்கு வரச் சொல்லி இரண்டரைக்குக் கூப்பிட்டார்கள். விறாந்தை முழுக்கத் தோட்டத்து ஆட்கள். கையில் காகிதக் கட்டுகள், மடியில் பிள்ளைகள். ஒரு கிழவர் தன் பிறப்புச் சாட்சிப் பத்திரத்தை வெற்றிலைப் பைக்குள் வைத்திருந்தார். எடுத்துக் காட்டியபோது சுண்ணாம்பு ஒட்டியிருந்தது. உங்கள் தம்பி அரைநாள் லீவு போட்டுக் கமலாவை வைத்துக்கொண்டு வெளியே மரத்தடியில் நின்றார். உள்ளே வரவில்லை.

விசாரித்தவர் வயதானவர், அமைதியானவர். அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. இராக்கம்மாவிடம் கேட்டார்கள், அவள் வடிவாய்ப் பதில் சொன்னாள். பிறகு என்னிடமும் கேட்டார்கள்.

முடிவு கடிதத்தில் வருமாம். வீட்டுக்கு வந்து கமலாவின் உடம்பைத் தொட்டுப் பார்த்தேன். வெயிலில் நின்றதால் கொஞ்சம் சூடு. இரண்டு தரம் காய்ச்சல் கோல் வைத்துப் பார்த்தேன், ஒன்றுமில்லை.

மாமிக்கு என் அன்பு.

சந்திரகாந்தி


அளவெட்டி,
16.11.1953

அன்புள்ள சந்திராவுக்கு,

விசாரணை முடிந்தது என்று வாசித்தபின்தான் எனக்கு மூச்சு வந்தது. அந்தக் கடிதத்தை எழுதத்தான் இருந்தேன். தாள் எடுத்து வைத்தேன். நாட்கள் ஓடிவிட்டன. நல்லவேளை, அது இல்லாமலே முடிந்தது.

தீபாவளிக்கு அம்மா புதுச்சீலை உடுத்துக் கோவிலுக்கு வந்தா. யோகம்மாவின் கன்றை விற்றுவிட்டார்கள், ஆகவே வேலியும் சமாதானம். ஒரு பெட்டியில் பனங்கட்டியும் புழுக்கொடியலும் அனுப்புகிறேன். இராக்கம்மாவுக்கும் கொடும். இங்கே நின்றபோது புழுக்கொடியலை, "பல்லுக்குச் சண்டை போடக் குடுத்த சாமானுங்க" என்று சொல்லிக்கொண்டே தின்பாள். அம்மா இப்போதும் அதைச் சொல்லிச் சிரிப்பா.

உம்மிடம் என்ன கேட்டார்கள், நீர் என்ன சொன்னீர் என்று ஒன்றும் எழுதவில்லையே?

இப்படிக்கு,
புஷ்பம்


பதுளை,
17.1.1954

அன்புள்ள மச்சாளுக்கு,

பெட்டி வந்தது. இரண்டு மாதம் கழித்து எழுதுகிறேன், மன்னியுங்கள். பொங்கலன்று பானை பொங்கிக் கிழக்குப் பக்கம் வழிந்தது, நல்ல சகுனம் என்று உங்கள் தம்பி சொன்னார். அதற்கு முதல் நாள்தான் விசாரணை முடிவுக் கடிதம் வந்திருந்தது. நான் அவரிடம் காட்டியிருக்கவில்லை.

மனுத் தள்ளுபடி. மனுக்காரியின் பேரும் வீட்டுக்காரரின் கூப்பனிலுள்ள பேரும் பொருந்தவில்லை, கூப்பனிலுள்ள பேருடையவள் 1948ல் நாட்டைவிட்டுப் போனவள், சாட்சியின் வாக்குமூலமும் மனுவுக்கு ஆதரவாக இல்லை. இப்படி நாலு வரி. இராக்கம்மாவுக்கு நான் வாசித்து மொழிபெயர்த்தேன். கடைசி வரியை மட்டும் விட்டுவிட்டேன்.

அவள் பொங்கல் பானையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். "அப்ப நான் எந்த ஊருக்காரிங்கம்மா?" என்று கேட்டாள். வேடிக்கையாய்க் கேட்டதுபோலத்தான் இருந்தது. பிறகு, "பானை அடி புடிச்சிருச்சு, புளி போடணும்" என்றாள். அவ்வளவுதான். அன்று முதல் வேலையில் ஒரு குறையும் இல்லை, பேச்சு மட்டும் குறைந்துவிட்டது. கமலாவுக்குச் சோறூட்டும்போதுகூடக் காக்காய்க் கதை சொல்வதில்லை. பிள்ளை அவளுடைய வாயை விரலால் திறந்து பார்க்கிறாள்.

மேல்முறையீட்டுக்கு மூன்று மாதம் உண்டு. ஏப்ரல் முதல் கிழமை கடைசி. மாமியின் எழுத்து இருந்தால் எடுத்துப் பேசலாம் என்று வழக்குப் பார்க்கும் பிரக்கிராசியார் சொல்கிறார். வடிவேல் சித்திரைக் கடைசியில் கப்பலேறுகிறான்.

மச்சாள், எனக்கு மறுபடி மூன்று மாதம். உங்களுக்குத்தான் முதலில் எழுதுகிறேன். இவள் இல்லாமல் இன்னொரு பிள்ளையை எப்படிப் பெற்று வளர்ப்பேன் என்று என் சுயநலத்துக்காகக் கேட்கிறேன் என்றாவது நினைத்துக்கொள்ளுங்கள். மாமியிடம் சொல்லுங்கள்.

சந்திரகாந்தி


பதுளை,
8.3.1954

அன்புள்ள மச்சாளுக்கு,

நலமா? ஏழு கிழமையாய்ப் பதில் இல்லை.

எனக்கு மசக்கைச் சத்தி கொஞ்சம் அடங்கியிருக்கிறது. கமலாவுக்குச் சுகம். கடைசித் திகதிக்கு இன்னும் நாலு கிழமை.

மாமிக்குச் சொல்லப் பயமென்றால் அதையாவது எழுதுங்கள். நான் உங்களைக் கோபிக்க மாட்டேன். எனக்கு அந்தத் தகுதி இல்லை.

சந்திரகாந்தி


அளவெட்டி,
2.5.1954

பிள்ளை சந்திரகாந்திக்கு மாமி எழுதிக்கொள்வது,

நீயும் வயிற்றிலிருப்பதும் கமலாவும் சிவராசாவும் நோய்நொடியின்றி இருக்கப் பிள்ளையார் துணை. எனக்கு முழங்காலைத் தவிர வேறு ஒன்றுமில்லை.

நேற்று நோவெண்ணெய்ப் போத்தலைத் தேடிப் புஷ்பத்தின் அலுமாரியைத் திறந்தேன். பாடப் புத்தகங்களுக்குப் பின்னால் உன் கடிதங்களை நாடாவால் கட்டி வைத்திருந்தாள். மருமகள் மகளுக்கு எழுதியதை வாசிக்கலாமோ என்று கேட்காதே. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு எல்லாவற்றையும் வாசித்தேன். அவள் பள்ளிக்கூடத்தால் வந்ததும் கேட்டேன். கதிரையில் இருந்து அழுதாள். நாற்பத்திரண்டு வயதில் என்னைக் கண்டு பயப்படுகிறாளே என்று எனக்கும் வெட்கமாய்ப் போய்விட்டது. அவளை ஏசாதே. நான் போதுமான அளவு ஏசிவிட்டேன்.

நீங்கள் இரண்டு பேரும் என்னிடம் ஒளித்த சங்கதி எனக்கு அப்போதே தெரியும். அவள் இங்கே வந்த நாலாம் நாள், இராக்கம்மா என்று கூப்பிட்டால் ஒரு நொடி பிந்தித் திரும்புகிறாள் என்று கண்டேன். "உனக்கு வைத்த பேர் என்னடி?" என்று கேட்டேன். "அது வேணாங்க பெரியம்மா" என்றாள். விடவில்லை. சொன்னாள். சொல்லிவிட்டு அகப்பையைக் கீழே போட்டுவிட்டாள். நான் சிரித்தேன்.

பிள்ளை, என்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டவர் என் தகப்பனார் ஒருவர்தான். அவர் போய் முப்பது வருஷம். பிள்ளைகளுக்கு அம்மா, உனக்கு மாமி, அயலுக்குப் புஷ்பத்தின் தாய். நீ பிள்ளையோடு அறைக்குள் படுத்திருக்கும்போது, புஷ்பம் பள்ளிக்கூடத்தில் இருக்கும்போது, நான் அவளை அந்தப் பேர் சொல்லித்தான் கூப்பிடுவேன். தேவையில்லாமலும் கூப்பிடுவேன். "என்னங்க?" என்று வருவாள். "ஒன்றுமில்லை, போ" என்பேன். அந்தப் பேர் வீட்டுக்குள் கேட்க எனக்கு ஆசையாயிருந்தது.

ஆனால் நாலு பேர் முன்னால் நானும் இராக்கம்மா என்றுதான் சொன்னேன். யோகம்மா சிரிப்பாள் என்று. கன்றுக்குச் சண்டை பிடித்ததும் அதனால்தான். அது என் பிழை.

வேண்டிய எழுத்தை வேறு தாளில் எழுதி வைத்திருக்கிறேன். திகதி முடிந்துவிட்டது என்று புஷ்பம் சொல்கிறாள். முடிந்தாலும் அனுப்புகிறேன். கீழே என் பேரை முழுவதும் போட்டிருக்கிறேன். வாசித்துப் பழகிக்கொள்.

அம்பலவாணர் பெண்சாதி,
குணமணி


பதுளை,
20.5.1954

அன்புள்ள மாமிக்கு,

உங்கள் கடிதம் ஐந்தாம் திகதி கிடைத்தது. அன்றே பதில் எழுதத் தொடங்கி மூன்று தாள் கிழித்தேன். உங்கள் முழங்காலுக்கு இங்கே ஒரு சிங்கள வைத்தியர் தந்த எண்ணெயை அனுப்புகிறேன். வாசம் கூடாது, குணம் உண்டென்கிறார்கள்.

மச்சாளில் பிழையில்லை. நான் இதுவரை ஒருத்தருக்கும் எழுதாததை உங்களுக்கு எழுத வேண்டும்.

விசாரணையன்று அவளிடம் பேர் கேட்டார்கள். சொன்னாள். பிறகு அவளைக் கதவடியில் நிற்கச் சொல்லிவிட்டு என்னைக் கதிரையில் இருக்கச் சொன்னார் அந்த மனிதர். "உங்கள் வீட்டு வேலைக்காரியின் பேர் என்ன?" என்று கேட்டார். அது ஒன்றைச் சொல்லத்தான், மாமி, நான் போனேன். வாயைத் திறந்தேன். உங்கள் முகம் வந்தது. வேலைக்காரியின் பேர் என்ன என்று கேட்கிறவருக்கு உங்கள் பேரைச் சொல்ல நாக்கு எழும்பவில்லை. "இராக்கம்மா" என்று சொல்லிவிட்டேன்.

அவர் நல்ல மனிதர். எழுதுகிறதை நிறுத்திவிட்டு, "அவளுக்கு வேறு பேர் உண்டா?" என்று இன்னொரு தரம் கேட்டார். எங்கள் வழக்கத்தை எடுத்துச் சொல்லியிருந்தால் அவருக்கு விளங்கியிருக்கும். ஆனால் மேசையில் கூப்பன் படிவம் கிடந்தது. இவருடைய கையெழுத்து. இவர் வெளியே பிள்ளையோடு நிற்கிறார். "வீட்டில் அப்படித்தான்" என்று மட்டும் சொன்னேன். முதல் தரம் சொன்னது மரியாதையால். இரண்டாம் தரம் சொன்னது பயத்தால். மற்றவர்களுக்கு இரண்டும் ஒன்றாகத்தான் கேட்டிருக்கும். கதவடியில் நின்றவளுக்குமா என்று எனக்குத் தெரியாது. வெளியே வந்ததும் அவள், "பாப்பாவுக்குப் பசிக்கும், வாங்கம்மா" என்றாள். ஏழு மாதமாய் அதைப் பற்றி ஒரு சொல் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்குச் சுகமாய் இருந்திருக்கும்.

அவர்கள் ஏழாம் திகதி புறப்பட்டார்கள். முதல் நாள் உங்கள் கடிதத்தை அவளுக்கு வாசித்துக் காட்டினேன். நீங்கள் தேவையில்லாமல் கூப்பிட்ட இடம் வந்ததும், "ஆமாங்க, ஒரு நாளைக்குப் பத்து வாட்டி கூப்புடுவாங்க. மொதல்ல எனக்கு எரிச்சலா வரும். அப்பறம் பாத்தா, கூப்புடாத அன்னைக்கு என்னமோ மாதிரி இருக்கும்" என்றாள். உங்கள் எழுத்துத் தாளைக் கேட்டாள். அவளுக்கு வாசிக்கத் தெரியாது. எது தன் பேர், எது உங்கள் பேர் என்று விரல் வைத்துக் காட்டச் சொன்னாள். இரண்டும் ஒன்றுபோலவே இருக்கிறதே என்று திரும்பத் திரும்பப் பார்த்தாள். பிறகு மடித்து இடுப்புச் செருகலில் வைத்துக்கொண்டாள். அது இனி எந்தக் கந்தோருக்கும் உதவாது என்று அவளுக்கும் தெரியும்.

ஸ்டேஷனுக்கு நாங்கள் மூன்று பேரும் போனோம். வடிவேல் பெட்டி, பாய், அம்மி என்று ஒவ்வொன்றாய் ஏற்றினான். அம்மியை ஏன் கொண்டு போகிறான் என்று உங்கள் மகன் கேட்டதற்கு, "அங்க கல்லு நல்லா இருக்காதாமுங்க ஐயா" என்றான். கமலா அவளுடைய கழுத்தை விடவில்லை. நான்தான் விரல் விரலாய்ப் பிரித்தெடுத்தேன். அவள் ஜன்னலோரம் இருந்து பிள்ளையின் சட்டைப் பொத்தானைச் சரிசெய்தாள். "காலையில வெந்நி குடுங்க. இருமலு வராது" என்றாள். கொடி ஆட்டிவிட்டார்கள்.

வண்டி அசைந்தபோது கூப்பிட்டேன், மாமி. உங்கள் அனுமதி கையில் இருந்தது. உங்கள் மகன் பக்கத்தில் நின்றார். மேடையில் தெரிந்த மனிதர்களும் நின்றார்கள். சத்தமாய், "குணமணி!" என்று கூப்பிட்டேன்.

அவள் உடனே திரும்பினாள். ஒரு நொடியும் பிந்தவில்லை. வாயைக் கையால் பொத்திக்கொண்டாள். "ஐயய்யோ, பெரியம்மா பேரச் சொல்லிப்புட்டீங்களே! ஐயா வேற நிக்கிறாரே!" என்றாள். கண்ணெல்லாம் சிரிப்பு. பிறகு கையை எடுத்தாள். சிரிப்பும் போய்விட்டது. வண்டி ஹாலிஎலப் பக்கம் நகர்ந்துகொண்டிருந்தது. நான் கூடவே நாலு எட்டு நடந்தேன்.

"இப்ப எதுக்கும்மா?" என்று கேட்டாள்.

அதற்கு ஒரு பதில் கிடைக்குமா என்று பார்த்துக்கொண்டிருந்ததில்தான், மாமி, இந்தக் கடிதம் இவ்வளவு நாள் பிந்தியது.

தங்கள் மருமகள்,
சந்திரகாந்தி